கேமரா பூப்பக்கம் திரும்பியபோது

ஃபெலிக்ஸ் எடுத்த கல்யாண வீடியோக்களில் யாரும் சண்டை போட்டதே இல்லை. செகந்திராபாத் தமிழ்க் கிறிஸ்தவக் குடும்பங்களில் முப்பது வருஷமாக நடந்த கல்யாணங்களில் முக்கால்வாசி அவருடைய கேமராவுக்குள் போய் வந்தவைதான். மேடைக்குக் கூப்பிடவில்லை என்று தாய்மாமன் செருப்பைத் தேடிக்கொண்டு கிளம்பியிருக்கிறார். பிரியாணியில் கறி இல்லை என்று மாப்பிள்ளையின் அக்கா தட்டைத் தள்ளியிருக்கிறாள். பூசையில் நன்மை அப்பம் வாங்கப் போகிற வரிசையிலேயே இரண்டு சம்பந்திகள் முறைத்துக்கொண்டு நின்றிருக்கிறார்கள். கேசட்டைப் போட்டுப் பார்த்தால் இதில் ஒன்றுகூடக் கிடைக்காது. அந்த இடத்திலெல்லாம் பூ இருக்கும்.

குரல் கொஞ்சம் உயர்ந்தால் போதும், ஃபெலிக்ஸின் கை தானாகவே கேமராவைப் பக்கத்தில் இருக்கிற பூப்பக்கம் திருப்பிவிடும். பீடத்து லில்லியோ மேடை ரோஜாவோ, எது அகப்படுகிறதோ அது. சண்டை அடங்கும் வரை நிதானமாக அதை நெருங்கிப் போய், நிதானமாகத் திரும்பி வருவார். பிறகு எடிட்டிங்கில் உட்காரும்போது சத்தத்தை முழுவதும் அணைத்துவிட்டு, வாய்க்குள் எதையாவது முணுமுணுத்தபடி படத்தை மட்டும் வெட்டி ஒட்டி, கடைசியில் மேலே ஷெனாயை ஊற்றிவிடுவார். இதற்கு அவர் வைத்த பெயர் ‘பூ வைக்கிறது’. நீளமான பூவாக வந்தால் அந்த வீட்டில் பெரிய சண்டை நடந்தது என்று அர்த்தம். இது அவருக்கும் மனைவி ரோஸ்லினுக்கும் மட்டும் தெரிந்த கணக்கு.

“ஜனங்க வருஷா வருஷம் போட்டுப் பாக்கிறது. அதுல கைக்கு வம்பு?” என்பார்; ‘எதுக்கு’ என்பது அவர் வாயில் ஹைதராபாத் உருதுவாக ‘கைக்கு’ என்றுதான் வரும். நல்ல மனசுதான், அதில் சந்தேகமே வேண்டாம். சர்ச் வட்டாரத்தில் பாதிக் குடும்பங்கள் இன்றைக்கும் ஒருவர் வீட்டுக்கு ஒருவர் போய் வருவதற்கு அந்தப் பூக்களுக்கும் ஒரு பங்கு உண்டு. சாவு வீட்டிலும் இதே வேலைதான். பெட்டியைச் சுற்றி நின்று எல்லோரும் குரூப் போட்டோ எடுத்துக்கொள்ளும்போது, சொத்துப் பேச்சை எடுக்காமல் இருக்க முடியாத ஒரு தம்பி எந்தக் குடும்பத்திலும் இருப்பான். அவன் வாயைத் திறந்ததும் ஃபெலிக்ஸ் மலர்வளையத்தை எடுக்க ஆரம்பித்துவிடுவார்.

இப்போது அவருக்கு அறுபத்திரண்டு வயது. அப்பா அரக்கோணத்திலிருந்து ரயில்வே வேலைக்கு வந்து இங்கேயே தங்கிவிட்டவர். ஸ்டூடியோவுக்கு அம்மாவின் பெயரை வைத்து ‘ஸ்டெல்லா வீடியோஸ்’ என்று பலகை மாட்டினார் ஃபெலிக்ஸ். கல்யாணங்களை இப்போது ட்ரோன் வைத்திருக்கிற பையன்கள் எடுக்கிறார்கள். அவர் பழைய கேசட்டுகளைக் கம்ப்யூட்டருக்கு மாற்றிக் கொடுக்கிறார். அதில் அவருக்குப் பெரிய வருத்தம் ஒன்றும் இல்லை. முட்டி வலிக்கு உட்கார்ந்த வேலைதான் நல்லது.

வர்ஷினி அப்படித்தான் உள்ளே வந்தாள். கோயம்புத்தூர்க்காரி. ஹப்சிகுடாவில் வாடகை வீடு, சாஃப்ட்வேர் கம்பெனியில் வேலை. அப்பா அம்மா கல்யாணக் கேசட்டை மாற்ற வந்தவள், போகும்போது பலகையை நிமிர்ந்து பார்த்துவிட்டுத் திரும்பி வந்தாள்.

“அங்கிள், ஏரிப் பூங்கா வாசல்ல பெரிய ஸ்கிரீன்ல ஒரு படம் ஓடுதுங்களே, ‘சந்தோஷ யாத்ரா’ன்னு. கடைசில இந்த ஸ்டூடியோ பேரு வருதுங்க. நீங்க எடுத்ததுங்களா?”

ஃபெலிக்ஸுக்கு முகம் மலர்ந்துவிட்டது. கல்யாணம், சாவு தவிர அவர் எடுத்த ஒரே படம் அதுதான். இருபது வருஷத்துக்கு முந்தைய கதை. ஏரிக்கரையில் சுன்னபட்டி பஸ்தி என்று ஒரு குடிசைப் பகுதி இருந்தது. பாதிப் பேர் தமிழ்க்காரர்கள், கூட்ஸ் ஷெட்டில் மூட்டை தூக்குகிறவர்கள். ஏரியை அழகு பண்ண ஒரு குழு அமைத்து, பஸ்தியைக் காலி செய்து, எல்லோரையும் ராமச்சந்திராபுரத்துக்கும் அப்பால் ஒரு காலனிக்கு அனுப்பினார்கள். அந்த நாளை வீடியோ எடுக்க ஆள் தேடியபோது தவக்காலம் நடந்துகொண்டிருந்தது. தவக்காலத்தில் கத்தோலிக்கக் கல்யாணம் கிடையாது. கேமரா உறைக்குள் தூங்கிக்கொண்டிருந்தது. ஃபெலிக்ஸ் போனார்.

“நானு அங்கயே இருந்தேன்மா. லாரிக்கெல்லாம் மாலை போட்டு, பந்திப்பூ, அதாம்மா செண்டுமல்லி, தொட்டி வரிசையா வச்சு, அய்யோ, கல்யாணத்துக்குப் போற மாதிரி போனாங்க. ஒருத்தர் கண்ணுலயும் தண்ணி இல்ல.”

“அதோட ஒரிஜினல் டேப் இருக்குங்களா?”

இருந்தது. ஃபெலிக்ஸ் எதையும் அழிக்க மாட்டார். பீரோவில் அடுக்கி வைத்திருந்ததில் தேடி எடுத்துக் கொடுத்தார். எதற்கு என்று கேட்டதற்கு, தான் சின்னச் சின்னப் படங்கள் செய்வதாகவும், அவற்றில் கதை இருக்காது என்றும் சொன்னாள்.

“கதை இல்லாம படமா? அதுக்கு டிவியை ஆஃப் பண்ணி வச்சிட்டே பாக்கலாமே.”

அவளும் சிரித்தாள். “அரசாங்கத்துக்கோ கட்சிக்கோ யாராவது எடுத்த பழைய படத்தை எடுத்துக்குவேனுங்க. அதுல கேமரா எதைக் காட்டுச்சுன்னு பாக்க மாட்டேன். எப்பத் திரும்புச்சுன்னு பாப்பேன்.”

ஃபெலிக்ஸுக்கு இது விளங்கவில்லை. விளங்கியிருந்தால் டேப்பைக் கொடுத்திருப்பாரா என்பது சந்தேகம்தான்.

இரண்டு வாரம் கழித்து ஒரு சனிக்கிழமை காலையில் அவள் லேப்டாப்போடு வீட்டுக்கே வந்தாள். ரோஸ்லின் டீ கொண்டுவந்து வைத்தாள். வர்ஷினி டீயைத் தொடவில்லை. முகத்தில் போன தடவை இருந்த கலகலப்பும் இல்லை.

“அங்கிள், இந்த டேப்புல நீங்க நெறைய இடத்துல பூவையே எடுத்துட்டு இருக்கீங்க. சத்தத்தை நீங்க கேட்டிருக்கீங்களா?”

சத்தத்தை அவர் எங்கே கேட்டார்? அணைத்துவிட்டுத்தானே வேலை செய்வார். வர்ஷினி பொத்தானைத் தட்டினாள். திரை நிறைய மஞ்சள் பந்திப்பூ. அதன் மேல் ஜேசிபி உறுமுகிற சத்தம், நாலைந்து பெண்கள் ஒரே நேரத்தில் கத்துகிற சத்தம். பிறகு ஒரு குரல் மட்டும் மைக்குக்கு ரொம்பப் பக்கத்தில் வந்தது.

“ஃபெலிக்ஸண்ணா! இந்தப் பக்கம் திருப்புங்கண்ணா! தையல் மிஷினு உள்ள இருக்குது! சாமான எடுத்தப்புறம்தான் இடிப்போம்னு சொன்னாங்க, உள்ள வச்சே இடிக்கிறாங்கண்ணா! எடுங்கண்ணா, நாளைக்கு இப்படி நடக்கவே இல்லன்னு சொல்லுவாங்க!”

பூ அசையவில்லை. குரல் மறுபடியும் அண்ணா அண்ணா என்றது. கேமரா இன்னும் நெருங்கிப் போய் ஒரே ஒரு பூவில் நின்றது. ஃபெலிக்ஸின் கை நடுங்காத கை, அந்தக் காலத்தில் அதில் அவருக்குப் பெருமை உண்டு.

“இது லூர்துமேரி குரல்” என்றாள் ரோஸ்லின். பஸ்தியில் இருந்த லூர்துமேரியும் அவளும் அப்போது சர்ச்சில் ஒரே பாடற்குழு. லூர்துமேரி கல்யாணத்தை எடுத்ததும் ஃபெலிக்ஸ்தான். அதனால்தான் அத்தனை கூட்டத்தில் அவளுக்கு அவர் பெயர் தெரிந்திருந்தது.

“லூர்தும் இல்ல, ஒண்ணும் இல்ல” என்றார் ஃபெலிக்ஸ். அவருக்குச் சட்டென்று கோபம் வந்துவிட்டது. “நீ ஏதோ சேத்திருக்கம்மா. இப்பல்லாம் கம்ப்யூட்டர்ல யார் குரல வேணும்னாலும் செய்யலாமாமே. நானு அங்க இருந்தவன். யாரும் அழல.”

வர்ஷினி பையிலிருந்து கேசட்டை எடுத்து மேஜைமேல் வைத்துவிட்டு, “நீங்களே உங்க கேமராவுல போட்டுப் பாருங்க அங்கிள், நான் எதையும் தொடலைங்க” என்று சொல்லிவிட்டுப் போய்விட்டாள்.

அவர் உடனே போடவில்லை. காய்கறி வாங்கி வந்தார், சாப்பிட்டார், பேப்பரைத் தலைகீழாகப் பிடிக்காத குறையாகப் படித்தார். பிறகு பழைய கேமராவை எடுத்துத் துடைத்து, ஹெட்போனை மாட்டிக்கொண்டு உட்கார்ந்தார். அதே குரல். அதே அண்ணா அண்ணா. கொஞ்சம் தள்ளி இன்னொரு இடத்தில் லூர்துமேரியின் புருஷன் செல்லப்பா, கழுத்தில் மாலையோடு லாரிப் படியில் நிற்கிறான். ‘சந்தோஷ யாத்ரா’வில் எல்லோருக்கும் பிடித்த காட்சி அதுதான். செல்லப்பா வாய் நிறையச் சிரிப்பான், பூங்கா ஸ்கிரீனில் இன்றைக்கும் சிரிக்கிறான். டேப்பில் அதற்கு முன்னால் ஒரு குரல் இருந்தது.

“செல்லப்பா, இங்க பாரு. சிரிப்பா. நக்கோ, அப்படி இல்ல, பல்லு தெரியட்டும். இன்னொரு தடவ.”

அது அவருடைய குரல். அந்தக் குரலில் கோபமோ மிரட்டலோ இல்லை. மாப்பிள்ளையைச் சிரிக்கச் சொல்கிற அதே கனிவு இருந்தது, அதுதான் அவருக்குத் தாங்கவில்லை. முதல் தடவை செல்லப்பா கேமராவை வெறித்துப் பார்க்கிறான். இரண்டாம் தடவை உதடு மட்டும் கோணுகிறது. மூன்றாம் தடவை சிரித்துவிடுகிறான்.

ரோஸ்லின் வாசற்படியில் நின்று பார்த்துக்கொண்டிருந்தாள். “உங்களுக்கு நெஜமாவே ஞாபகம் இல்லயா?” என்று கேட்டாள்.

“இல்ல ரோஸு.”

“அந்த வாரம் மாதா சபையில ஒரு பழைய தையல் மிஷினு வாங்கிக் குடுத்தோம் லூர்துக்கு. நீங்கதான் ஆட்டோல ஏத்தி அனுப்புனீங்க.”

அது ஞாபகம் இருந்தது. புது வீட்டுக்குப் பரிசு என்று நினைத்துக்கொண்டிருந்தார். இத்தனை வருஷமும் அப்படித்தான் நினைத்திருந்தார். அவர் பொய் சொல்கிற ஆள் இல்லை. படத்தை வெட்டி ஒட்டி, திருத்திப் பார்த்து, காலனி ஆண்டு விழாவில் வருஷா வருஷம் போடுவதைப் பார்த்துப் பார்த்து, கண்ணால் கண்ட நாள் எப்போதோ அழிந்து அந்த இடத்தில் அவர் செய்த படம் வந்து உட்கார்ந்துவிட்டது. அந்த நாளை நினைத்தால் அவருக்கு ஷெனாய் கேட்டது. சுன்னபட்டியில் அன்றைக்கு ஷெனாய் வாசிக்க யாரும் வரவில்லை.

அதற்குப் பிறகு ஃபெலிக்ஸுக்குச் சாப்பாடு சரியாக இறங்கவில்லை. அவருக்கு வெட்கமாக இருந்தது. அதைவிடப் பயமாக இருந்தது. பீரோவில் அடுக்கியிருந்த மற்ற கேசட்டுகளைப் பார்த்தால், எந்தப் பூவுக்குப் பின்னால் யார் கூப்பிட்டார்களோ என்று தோன்றியது. அவருடைய அம்மாவின் அடக்கக் கேசட்டும் அதில் இருந்தது. அதை எடுத்துக் கையில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்துவிட்டு, போடாமலே திரும்ப வைத்துவிட்டார்.

வர்ஷினியை அவரே போனில் கூப்பிட்டார். அவள் படத்தை முடித்திருந்தாள். ‘சந்தோஷ யாத்ரா’வில் அவர் பூ வைத்த இடங்களை மட்டும் எடுத்துக் கோத்து, கூடவே அந்த இடங்களின் உண்மையான சத்தத்தைப் போட்டிருந்தாள். இடிபடுகிற ஒரு வீடுகூடக் கண்ணில் படாது. முழுக்க முழுக்கப் பூ. பார்க்கிறவன் பூவையே பார்த்துக்கொண்டு, பார்க்க விடாததைக் காதால் கேட்க வேண்டும். கடைசியில் செல்லப்பா வருவான், மூன்று தடவையும் வருவான், ஃபெலிக்ஸின் குரலோடு. ஹப்சிகுடாவில் ஒரு மாடி ஹாலில் இதைப் போடப் போவதாகவும், பூங்காவைப் பற்றி எழுதுகிறவர்கள், வக்கீல்கள் எல்லாம் வருவார்கள் என்றும் சொன்னாள்.

“போடு” என்றார் ஃபெலிக்ஸ். “என் பேரையும் போடு. ஆனா முதல்ல லூர்து பாக்கணும்.”

“நக்கோ, வேணாம்” என்றாள் ரோஸ்லின். “அவ நிம்மதியா இருக்கா. அவ கிட்ட போய் நிக்காதீங்க.”

ஆனால் ஃபெலிக்ஸுக்குப் போயே ஆக வேண்டும். அந்த நாளில் நடந்தது அவருக்கு ஞாபகம் இல்லை. டேப் சொல்கிறது, ஆனால் தன் படத்தை நம்பித்தானே இத்தனை வருஷம் மோசம் போனோம் என்று இருந்தது. நடந்தது என்று வாயால் சொல்லக்கூடியவள் அவள் ஒருத்திதான். ஏன் திருப்பவில்லை என்று அவள் நாலு வார்த்தை திட்டினால் வாங்கிக்கொண்டு வரலாம். அந்தத் திட்டுக்காகத்தான் அவர் மனசு கிடந்து அடித்துக்கொண்டது.

வர்ஷினியும் அவருமாகப் புறப்பட்டார்கள். குகட்பள்ளி தாண்டியதும் நெரிசலில் பஸ் நின்று நின்று போனது. ராமச்சந்திராபுரத்தில் இறங்கியபோது ஷிஃப்ட் முடிந்து கம்பெனி பஸ்கள் வரிசையாக வெளியே வந்துகொண்டிருந்தன. அங்கிருந்து ஷேர் ஆட்டோ. செல்லப்பா இதே தூரத்தைத் தினமும் விடியுமுன் கடந்து கூட்ஸ் ஷெட்டுக்கு வந்து போனான் என்பது அப்போதுதான் ஃபெலிக்ஸுக்கு உறைத்தது. காலனிக்கு வந்த ஐந்தாம் வருஷம் மஞ்சள் காமாலையில் போய்விட்டான்.

லூர்துமேரி அவரைக் கண்டதும் தையல் மிஷினை விட்டு எழுந்து ஓடி வந்தாள். “அண்ணா! வழி தெரிஞ்சுதா? ரோஸ்லின் அக்கா ஏன் வரல?” என்று கையைப் பிடித்துக்கொண்டாள். ஒரே அறை வீடு, துடைத்து வைத்திருந்தது. மாதா படத்துக்குக் கீழே செல்லப்பாவின் படம் இருந்தது. அவள் வர்ஷினியிடம் பெருமையாகச் சொன்னாள்: “இந்த அண்ணாதாம்மா எங்கள வீடியோ எடுத்தவரு. எங்கூட்டுக்காரர் நினைவு நாளு வந்தா ஜெபம் முடிச்சு அந்த சிடியத்தான் போடுவேன். பேரன் பேத்தி எல்லாம் தாத்தா சிரிக்குது பாருன்னு ஓடியாரும். போட்டோல அவரு நிக்கிறாரு. அண்ணா எடுத்ததுலதான் நடக்கிறாரு.”

ஃபெலிக்ஸ் திரும்பிப் போயிருக்கலாம். அந்த இடத்தில் அப்படித் தோன்றியதும் உண்மை. ஆனால் வர்ஷினி லேப்டாப்பைத் திறந்துவிட்டாள்.

பூ வந்தது. “பந்திப்பூ! எங்க தெருவுல வச்சாங்களே” என்று லூர்துமேரி சிரித்தாள். குரல் வந்தது. அவள் சிரிப்பு முகத்திலேயே கொஞ்ச நேரம் நின்றது, எடுக்க மறந்த பாத்திரம் மாதிரி. பூக்கள் ஒவ்வொன்றாக வந்து போயின. செல்லப்பா லாரிப் படியில் நின்றான். சிரிப்பா, பல்லு தெரியட்டும், இன்னொரு தடவ. படம் முடிந்தது.

“யாரு அது கத்துறது?” என்றாள்.

“நீதான் லூர்து.”

“நான் இல்ல.”

“மிஷினு உள்ள இருக்குதுன்னு…”

“மிஷின நான் முன்னாடியே வித்துட்டேண்ணா.” அவள் குரல் தெளிவாக இருந்தது. “நாங்க யாரும் அழுவல. இன்னாத்துக்கு அழணும்? நல்ல வீடு குடுத்தாங்க. வேணும்னா நீங்க எடுத்த சிடியவே பாருங்க.”

சொன்னபடி அதை எடுத்து டிவியில் போட்டும் காட்டினாள். ஷெனாய் வாசித்தது. மாலை போட்ட லாரிகள் நகர்ந்தன. செல்லப்பா ஒரே தடவை, நல்ல முழுச் சிரிப்பாகச் சிரித்தான். லூர்துமேரி அவரைப் பார்த்தாள். அவருடைய சாட்சியையே எடுத்து அவர் முன்னால் வைத்துவிட்டாள்.

“இந்தப் பொண்ணு படத்துல இருக்கிற சத்தத்த எடுத்துடச் சொல்லுங்கண்ணா” என்றாள். “அவரு சிரிக்கிறதுக்கு முன்னாடி நீங்க பேசுறீங்களே, அதையும். அது வேணாம்.”

வர்ஷினி தயங்கித் தயங்கிப் பேசினாள். “அம்மா, அது உங்க குரலா இருந்து, நீங்க வேண்டாம்னு சொல்லிட்டீங்கன்னா, நான் இந்தப் படத்தை எங்கயும் போட மாட்டேனுங்க. சத்தியமா. உங்க குரல் இல்லைன்னா, அங்கிள் சரின்னு சொன்னாப் போதுங்க.”

ஃபெலிக்ஸ் அதைப் பிடித்துக்கொண்டார். அவர் செய்தது சரி என்று யாரும் சொல்ல மாட்டார்கள். அவருக்கே அது தெரிந்திருந்தது. ஒரு பெண்ணை மூலையில் நிறுத்துகிறோம் என்று தெரிந்தே, அவள் வாயிலிருந்து ‘அது என் குரல்தான்’ என்பதை வாங்கிவிட வேண்டும் என்கிற வெறியில் பேசினார்.

“அது உன் குரல் இல்லல்ல லூர்து? அப்ப உனக்கென்ன? அந்தப் பொண்ணு படத்தப் போடட்டும்.”

“வேணாம்ணா.”

“யாரோ கத்துறாங்க. யாரோ தானே?”

“அண்ணா, வேணாம்னு சொல்றேன்.”

“நானு எடுக்க மாட்டேன். சத்தம் அப்படியே இருக்கட்டும்.”

லூர்துமேரி எழுந்து நின்றுவிட்டாள். “அன்னைக்கும் உங்களதான் கெஞ்சுனேன்! தொண்ட கிழியக் கெஞ்சுனேன், நீங்க பூவப் பாத்துகினு நின்னீங்க! இன்னைக்கும் கெஞ்சுறேன், இன்னைக்கும் கேக்க மாட்டேங்கறீங்க! நான் எப்ப சொன்னாத்தாண்ணா உங்க காதுல விழும்?”

சொல்லிவிட்டு அவளே திகைத்துப் போனாள். டிவியில் ஷெனாய் ஓடிக்கொண்டிருந்தது. வர்ஷினி எழுந்து அதை நிறுத்தினாள்.

ஃபெலிக்ஸ் எதைக் கேட்க வந்தாரோ அது கிடைத்துவிட்டது. வழியெல்லாம் நினைத்து வந்ததுபோல மனசு இலேசாகவில்லை. நடந்தது என்று அவள் சொன்ன அந்த நொடியிலேயே குரல் அவளுடையதாகிவிட்டது. வேண்டாம் என்று சொல்லும் உரிமையும் அவளுக்கு வந்துவிட்டது. அவள் ஏற்கனவே வேண்டாம் என்று சொல்லியிருந்தாள்.

“மன்னிச்சிடு லூர்து” என்றார். கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். “படம் போட வேணாம். அழிச்சிடச் சொல்றேன். டேப்பையும் அழிச்சிடறேன்.”

அவள் முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டாள். செல்லப்பாவின் படத்தை ஒருமுறை பார்த்துவிட்டு உட்கார்ந்தாள்.

“அழிக்கச் சொல்லி யாரு கேட்டா?” என்றாள். “அது நடந்ததுதானே. என் மிஷினு அதுக்குள்ளதானே நசுங்குச்சு.” பிறகு தாழ்ந்த குரலில் சொன்னாள்: “நான் இருக்கிற வரைக்கும் எனக்கு அவரு சிரிப்பு வேணும்ணா. நீங்க சிரிக்கச் சொல்லித்தான் சிரிச்சாருன்னு தெரிஞ்சா புள்ளைங்க அதப் பாக்குமா? நான் போனப்புறம் போடுங்க. அப்ப நல்லா சத்தமா வச்சுப் போடுங்க.”

ஃபெலிக்ஸ் சரி என்று தலையாட்டினார். லூர்துமேரி அவரைவிடப் பத்து வயது சின்னவள்.